அம்மாவுக்கு நடைக் காலணி: பெங்களூரில் எதை, எங்கே வாங்கலாம்?

அறுபத்தோரு வயதில்தான் என் அம்மா முதன்முதலாக ஷூ போட்டார். வாணியம்பாடியில் முப்பது வருடம் நின்றுகொண்டே பாடம் நடத்திய டீச்சர். பள்ளிக்கூடத்துக்கு ரப்பர் செருப்பு, விசேஷத்துக்குத் தோல் செருப்பு, அவ்வளவுதான். பக்கத்திலேயே ஆம்பூர், கொஞ்சம் தள்ளி இராணிப்பேட்டை. வெளிநாடுகளுக்கு ஷூ தைத்து அனுப்பும் ஊர்கள். அம்மாவிடம் படித்த பெண்களில் எத்தனையோ பேர் அந்தத் தொழிற்சாலைகளில் தையல் மெஷினில் உட்கார்ந்தவர்கள். ஆனாலும் அம்மாவுக்கென்று ஒரு ஷூ வாங்கவேண்டும் என்று எங்கள் வீட்டில் யாருக்கும் தோன்றியதில்லை. ஓய்வுபெற்று எங்களோடு பெங்களூர் அல்சூருக்கு வந்த பிறகு, சர்க்கரை எல்லைக்கோட்டில் நிற்கிறது என்று பரிசோதனையில் தெரிந்தது. "தினமும் முக்கால் மணி நேரம் நடங்கம்மா. செருப்போட வேணாம், ஷூ போட்டுட்டு நடங்க" என்றார் டாக்டர். அங்கேதான் எங்கள் தேடல் ஆரம்பித்தது.

நான்கு மாதத்தில் மூன்று ஜோடி வாங்கினோம். முதல் இரண்டும் வீணாயின. மூன்றாவது ஜோடியில் அம்மா இப்போது ஆறாவது மாதமாக நடக்கிறார். அந்த அலைச்சலில் கற்றதை இங்கே எழுதுகிறேன். என் அம்மா வயதில், என் அம்மா பாதத்தோடு, இதே ஊரில் நடக்கிற பெண்கள் ஏராளம். அவர்கள் பணமும் குதிகாலும் வீணாகக்கூடாது.

அவசரத்தில் இருப்பவர்களுக்கு முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். தினமும் மூன்று நான்கு கிலோமீட்டர் பெங்களூர் நடைபாதையில் நடப்பதற்கு, முன்பக்கம் அகலமான, நாடா கட்டுகிற, அடியில் ரப்பர் ஒட்டிய, அதிக உயரமில்லாத ஓட்டப் பயிற்சி ஷூவே என் முதல் தேர்வு. போன வருட மாடலாக இருந்தால் விலையும் குறையும். பெண்கள் பிரிவில் அந்த அகலம் இல்லாவிட்டால் ஆண்கள் பிரிவில் கேளுங்கள். கடைக்காரர் வினோதமாகப் பார்த்தால் பார்க்கட்டும்.

இனி காரணங்கள்.

கடையில் நுழைந்ததும் "என்ன சைஸ்?" என்பார்கள். அந்த எண் நீளத்தை மட்டும்தான் சொல்லும். நம் பெண்களுக்குச் சிக்கல் வருவது அகலத்தில். காலமெல்லாம் செருப்பிலும் வெறுங்காலிலும் இருந்த பாதம் விரல்களை விரித்தே வளர்ந்தது. முன்னால் விசிறி மாதிரி விரிந்திருக்கும், குதிகால் மட்டும் ஒடுக்கமாக இருக்கும். நம் பாதங்களின் அகலம் அளந்தும் பார்க்கப்பட்டிருக்கிறது. சென்னை அடையாறில் உள்ள மத்திய தோல் ஆராய்ச்சி நிறுவனம் 2021 டிசம்பர் முதல் 2022 மார்ச் வரை நாடெங்கும் 79 இடங்களில் ஒரு லட்சத்துக்கும் அதிகமானோரின் பாதங்களை அளந்தது. ஐரோப்பிய, அமெரிக்கப் பாதங்களைவிட இந்தியப் பாதங்கள் அகலம் என்பது அதில் தெரியவந்தது. பாரதம் என்பதன் முதலெழுத்தை எடுத்து 'பா' என்று பெயரிட்டு, நமக்கென்று தனி அளவுமுறையையும் முன்மொழிந்தார்கள். இந்தச் செய்தியைப் படித்தபோது எனக்குப் பெரிய ஆறுதல். அதுவரை "என் காலுதான் கோணல்" என்று அம்மா சொல்லிக்கொண்டிருந்தார். காலில் ஒரு கோணலும் இல்லை. ஷூவின் அச்சு வேறு யார் காலுக்கோ செய்தது.

நாங்கள் அலைந்த கடைகளில் எல்லாம் யூகே எண்ணும் ஐரோப்பிய எண்ணும்தான். விரல் இடிக்கிறது என்றால் கடைக்காரர் உடனே ஒரு எண் பெரியதை எடுத்து நீட்டுவார். யூகே அளவில் ஒரு எண் ஏறினால் நீளம் ஏறத்தாழ 8.5 மில்லிமீட்டர் கூடும். அகலம் சொற்பமாகத்தான் கூடும். ஆக, அகலத்துக்காக நீளத்தை வாங்குகிறோம். விரலுக்கு முன்னால் வெற்றிடம், பக்கவாட்டில் அதே இறுக்கம். எங்கள் முதல் ஜோடி அப்படித்தான் போயிற்று. ஏரிப் பக்கம் திருவள்ளுவர் சிலை இருக்கிறதே, அங்கே போகிற வழியில் நடைபாதைக் கல்லின் விளிம்பில் ஷூவின் மூக்கு மாட்டி அம்மா தடுமாறினார். நான் கையைப் பிடித்திருந்ததால் விழவில்லை. அன்றோடு அந்த ஜோடி பரணுக்குப் போனது.

அதனால் கடைக்குப் போகும் முன் வீட்டிலேயே அளந்துகொள்ளுங்கள். சாயங்காலம் அளக்கவேண்டும். நாள் முழுக்க நின்று நடந்த பாதம் சற்று வீங்கியிருக்கும், காலையில் சரியாக இருக்கும் ஷூ மாலையில் கடிக்கும். தரையில் ஒரு பேப்பரைச் சுவரோடு ஒட்டி வைத்து, குதிகால் சுவரில் படும்படி நின்று, நீளமான விரலின் நுனியில் கோடு போடுங்கள். அது கட்டை விரலாகத்தான் இருக்கவேண்டும் என்றில்லை, அம்மாவுக்கு இரண்டாவது விரல்தான் நீளம். பிறகு முன்பாதத்தின் இரண்டு ஓரத்திலும் கோடு போட்டு அகலத்தையும் எடுங்கள். உட்கார்ந்து அளந்தால் ஏமாந்துபோவோம், உடல் எடை இறங்கும்போதுதான் பாதம் விரியும். இரண்டு காலையும் அளந்து, பெரிய காலுக்கு வாங்குங்கள். கல்யாணத்துக்கு முன் போட்ட எண்ணையே நம்பிக்கொண்டு இருக்காதீர்கள். பிள்ளை பெற்ற பிறகு பாதம் நீண்டு, வளைவு சற்றுத் தாழ்ந்துவிடுவது பல பெண்களுக்கு நடக்கிறது.

கடையில் செய்யவேண்டியது ஒன்றே ஒன்று, அதை மட்டும் மறக்கவேண்டாம். ஷூவுக்குள் பாதம் படும் இடத்தில் இருக்கும் தனி மெத்தையை, அதாவது இன்சோலை, வெளியே உருவித் தரையில் போட்டு அதன்மேல் நில்லுங்கள். முன்னால் ஏறக்குறைய ஒரு சென்டிமீட்டர் இடம் மிஞ்சவேண்டும். பக்கவாட்டில் சதை இன்சோலைத் தாண்டி வழியக்கூடாது. வழிந்தால் அந்த மாடல் உங்களுக்கு இல்லை, எத்தனை தள்ளுபடி கொடுத்தாலும் இல்லை. "போடப் போட லூஸ் ஆயிடும் மேடம்" என்பார்கள். தோல் கொஞ்சம் நெகிழும். இப்போது வருகிற வலைத்துணி ஷூக்களில் பக்கவாட்டில் பிளாஸ்டிக் பட்டை ஒட்டியிருக்கும், அது நெகிழாது.

எண்ணில் இன்னொரு குழப்பமும் உண்டு. ஒரு பிராண்டின் யூகே 4 ஐரோப்பிய எண்ணில் 36⅔, இன்னொன்றில் 37, மற்றொன்றில் 37.5. அதனால் ஒரு பிராண்டில் பொருந்திய எண்ணை வைத்துக்கொண்டு இன்னொரு பிராண்டில் கண்ணை மூடி வாங்க முடியாது.

மெட்டியைப் பற்றி எந்தக் கடையிலும் பேசுவதில்லை. நம் பெண்களுக்கு இது முக்கியமான விஷயம். அம்மாவின் இரண்டாவது விரலில் நாற்பது வருடமாக வெள்ளி மெட்டி. செருப்பில் அது காற்றோட்டமாக இருந்தது. ஷூவுக்குள் போனதும் ஒரு பக்கம் கட்டை விரலையும் மறுபக்கம் மூன்றாம் விரலையும் அழுத்தி, மூன்றே நாளில் சிவந்துவிட்டது. சர்க்கரை உள்ளவர்களுக்கு இது சாதாரண விஷயமில்லை. பாதத்தில் உணர்ச்சி குறைந்திருந்தால் புண் ஆனபிறகுதான் தெரியும். அப்பா இருக்கும்போது மெட்டியைக் கழற்றச் சொல்ல எனக்கு மனம் வரவில்லை, சொல்லியிருந்தாலும் அம்மா கழற்றியிருக்க மாட்டார். அல்சூர் பஜாரில் ஒரு நகைக்கடையில் கொடுத்து, பூவேலை உள்ளதை மாற்றிப் பட்டையாக, மெல்லிசாக ஒன்று வாங்கினோம். அதன்பிறகு ஷூ பார்க்கப் போகும்போதெல்லாம் மெட்டியோடும், நடக்கும்போது போடுகிற அதே சாக்ஸோடும்தான் போனோம். ஷூவின் முன்பக்கம் அகலமாக இருந்தால் மட்டும் போதாது, உயரமும் வேண்டும். உள்ளே விரலை ஆட்டிப் பார்க்கச் சொல்லி, மேலே துணியில் அசைவு தெரிகிறதா என்று பாருங்கள். கொலுசு போடுகிறவர்கள் ஷூவின் கழுத்து கணுக்காலுக்குக் கீழேயே முடிகிறதா என்றும் பார்க்கவேண்டும்.

அடுத்தது தரை. மாடிக்கு மாடி டிரெட்மில் வைத்திருக்கும் அடுக்ககங்களைப் பற்றி நான் பேசவில்லை. அல்சூரில் எங்கள் நடை சாக்கடைக்கு மேல் பாவிய கற்பலகைகளின் மேல்தான். சில பலகை ஆடும், சில இடத்தில் பலகையே இருக்காது. மே முதல் அக்டோபர் வரை மழை ஈரம் வேறு. ஞாயிற்றுக்கிழமை கப்பன் பூங்காவுக்குப் போவோம், அன்று உள்ளே வண்டி விடுவதில்லை, தார்ச்சாலை நடப்பதற்கு அருமையாக இருக்கும். மாதத்துக்கு ஒருமுறை லால்பாக். 240 ஏக்கரில் மரநிழலிலேயே சுற்றிவரலாம். அங்குள்ள பாறைமேல் ஏறாமல் அம்மா திரும்பமாட்டார். முந்நூறு கோடி வருடத்துப் பாறை என்று பள்ளிக்கூடத்தில் பாடம் எடுத்தவராயிற்றே. ஆனால் ஈரமான பாறைச் சரிவில் இறங்கும்போது எந்த ஷூ பிடிக்கும், எது வழுக்கும் என்பது ஒரே நிமிடத்தில் தெரிந்துவிடும்.

ஆடுகிற கல்லில் நடக்கிற காலுக்கு உயரமான, பஞ்சு மாதிரி மெத்தென்ற அடிப்பாகம் ஆபத்து. கணுக்கால் சட்டென்று மடங்கும். ஓடும்போது ஒவ்வொரு அடியிலும் உடல் எடையைப்போல் இரண்டு மூன்று மடங்கு பாரம் பாதத்தில் விழும். நடக்கும்போது எப்போதும் ஒரு கால் தரையில் இருப்பதால் பாரம் உடல் எடையைவிடச் சற்றுத்தான் கூடுதல். மாரத்தான் ஓடுகிறவர்களுக்குச் செய்த கனத்த மெத்தை நமக்குத் தேவையில்லை. குதிகால் தரையைத் தொடும் இடத்தில் போதுமான மெத்தை, அகலமான அடித்தளம், ரப்பர் பிடிப்பு இவை போதும்.

கையில் எடுத்ததும் மூன்று காரியம் செய்து பார்ப்பேன். மூக்கையும் குதிகாலையும் பிடித்து மடக்குவேன். விரல்கள் தொடங்கும் இடத்தில் மடங்கவேண்டும், நட்டநடுவில் அப்பளம் மாதிரி மடங்கினால் வைத்துவிடுவேன். துணி பிழிவதுபோல முறுக்குவேன், எளிதாக முறுக்கிக்கொண்டால் கற்பலகை நடைக்கு அது ஆகாது. குதிகாலைச் சுற்றியுள்ள பின்சுவரைக் கட்டைவிரலால் அழுத்துவேன், அது அமுங்காமல் நிற்கவேண்டும்.

இப்போது நாங்கள் பார்த்த வகைகள்.

முதலில் வாங்கியது நாடா இல்லாமல் காலை அப்படியே நுழைக்கிற வகை. ஸ்கெச்சர்ஸின் கோ வாக் வரிசை இந்த வகையில் எல்லோருக்கும் தெரிந்த பெயர். அதைப் பார்த்து மற்ற எல்லா பிராண்டும் இதே வடிவத்தில் செய்கின்றன. எடை இல்லை, கடையில் போட்டதும் மெத்தென்று இருக்கும், குனியவேண்டாம். முட்டிவலியோ இடுப்புவலியோ உள்ள அம்மாக்கள் இதைத்தான் கேட்பார்கள், அது நியாயம்தான். ஆனால் காலைப் பிடித்து நிறுத்துவது நெகிழும் துணி மட்டுமே. முன்பாதத்துக்குப் போதுமான அகலம் எடுத்தால் குதிகால் ஒவ்வொரு அடிக்கும் எழும்பும். மெமரி ஃபோம் என்று உள்ளே வைக்கிற மெத்தை பாரம் பட்டால் மெதுவாக அமுங்கி மெதுவாக எழும்பும் பொருள். கடையில் இரண்டு நிமிடத்தில் சொர்க்கமாகத் தெரிவது, தினமும் நடக்கிற காலுக்குக் கீழே சில வாரங்களில் குதிகால் பக்கம் படிந்துவிடும். வீட்டைச் சுற்றி, கோயிலுக்கு, கடைக்கு என்றால் இது நல்ல காலணி. முக்கால் மணி நேர நடைக்கு நான் சொல்லமாட்டேன்.

குனிய முடியாதவர்களுக்கு வேறு வழி இருக்கிறது. நல்ல நாடா ஷூவை வாங்கி, நாடாவை உருவிவிட்டு ரப்பர் நாடா போட்டுவிடுங்கள். விளையாட்டுப் பொருள் கடைகளில் கிடைக்கும், இருநூறு ரூபாயைத் தாண்டாது. ஒருமுறை பாதத்துக்கு ஏற்றபடி இறுக்கிவிட்டால் அப்புறம் நுழைத்தால் போதும். நீளக் கைப்பிடி உள்ள ஷூ கரண்டி ஒன்று வாசலில் மாட்டிவைத்தால் குனியும் வேலையே இல்லை. எங்கள் சித்திக்கு இப்படித்தான் செய்துகொடுத்தேன்.

அடுத்து நம் நாட்டுத் தயாரிப்புகள். கேம்பஸ், ஸ்பார்க்ஸ், பாட்டாவின் பவர் என்று ஆயிரம், ஆயிரத்து ஐநூறு ரூபாய்க்குள் நிறையக் கிடைக்கிறது. கீழ்வீட்டு அக்கா மூன்று வருடமாக இதைத்தான் போடுகிறார். பாதம் ஒடுக்கமானவர், அதனால் கடிப்பதில்லை. இந்த விலையில் பார்க்கவேண்டியது அடிப்பாகம். பல மாடல்களில் மெத்தையாக இருக்கிற அதே இ.வி.ஏ. நுரைதான் தரையையும் தொடும், ரப்பர் தனியாக இருக்காது. நகத்தால் அழுத்திப் பாருங்கள். பள்ளம் விழுந்தால் நுரை, விழாவிட்டால் ரப்பர். நுரை அடி ஈரக் கல்லில் வழுக்கும், சீக்கிரம் தேயும். குதிகாலிலும் மூக்கிலுமாவது ரப்பர் துண்டு ஒட்டிய மாடலாகப் பார்த்து எடுங்கள்.

டெகாத்லான் என்ற விளையாட்டுப் பொருள் கடையின் சொந்தத் தயாரிப்புகளை இந்த இரண்டுக்கும் நடுவில் வைப்பேன். நடைக்கு, ஓட்டத்துக்கு, மலையேற்றத்துக்கு என்று தனித்தனியாக இருக்கும், விலையும் ஆயிரத்திலிருந்து மூவாயிரத்துக்குள். அங்கே எனக்குப் பிடித்தது, யாரும் பக்கத்தில் நின்று அவசரப்படுத்தமாட்டார்கள். ஷூவைப் போட்டுக்கொண்டு கடைக்குள்ளேயே கால்மணி நேரம் நடக்கலாம். அம்மா நடந்தார். லால்பாக் பாறை மாதிரி இடங்களுக்கு அவர்களுடைய மலைநடை ஷூவின் அடிப்பிடிப்பு நன்றாக இருக்கும், ஆனால் தினசரி தார்ச்சாலைக்கு அது கனம். அம்மாவுக்கு அங்கே பெண்கள் பிரிவில் அகலம் அமையவில்லை. உங்களுக்கு அமைந்தால் இந்த விலைக்கு நல்ல தேர்வு.

ஓட்டப் பயிற்சி ஷூக்களுக்கு வருவோம். அசிக்ஸ், நியூ பேலன்ஸ், புரூக்ஸ், பூமா, அடிடாஸ், நைக்கி எல்லாம் இந்த வகையில். "நாங்க ஓடலையே, எதுக்கு ஓட்ட ஷூ?" என்று அம்மா கேட்டார். நியாயமான கேள்வி. பெரிய பிராண்டுகள் தங்கள் சிறந்த வேலையை எல்லாம் ஓட்ட ஷூவில்தான் காட்டுகின்றன. எடை குறைவு, குதிகாலில் மெத்தை, தேயும் இடத்தில் ரப்பர், உறுதியான பின்சுவர். நடைக்கென்று தனியாக விற்பதில் வடிவமும் நிறமும்தான் பெரும்பாலும் மாறுகின்றன. பார்க்கவேண்டியது இரண்டு. பந்தய வேகத்துக்கான வகை வேண்டாம், அது மூக்கு வளைந்து விறைப்பாக இருக்கும். மெத்தை மிக உயரமான வகையும் வேண்டாம், காரணம் மேலே சொன்னேன். நடுத்தரமான, தினசரிப் பயிற்சிக்கான மாடல் என்று கேளுங்கள்.

இந்த பிராண்டுகளில் சில, அகலத்தை ஆங்கில எழுத்தால் குறிக்கும். பெண்கள் ஷூவில் சாதாரண அகலம் 'பி', அகலமானது 'டி', அதற்கும் மேல் '2இ'. ஆண்கள் ஷூவில் சாதாரண அகலமே 'டி'. பெண்களுக்கு அகலம் என்று சிறப்பாகத் தேடி அலைகிற அளவு, ஆண்களுக்குச் சாதாரணமாக அடுக்கில் இருக்கிறது. இந்திராநகர் நூறடி சாலையில் நான்கு கடை ஏறி இறங்கினோம். பெண்கள் பிரிவில் 'டி' அகலம் அம்மாவின் எண்ணில் ஒன்றுகூட இல்லை. "ஆர்டர் போட்டாத்தான் மேடம்" என்றார்கள். ஐந்தாவது கடையில் அம்மாவே பொறுமை இழந்து, "ஏன்டி, ஆம்பளைங்க ஷூதான் எடுத்துக் குடுக்கச் சொல்லேன், யாரு பாக்கப்போறாங்க" என்றார். போட்டார், எழுந்தார், கடைக்குள் இரண்டு சுற்று நடந்தார். விரல்கள் நிம்மதியாக இருக்கின்றன என்று முகத்திலேயே தெரிந்தது. யூகே எண் பெரும்பாலும் ஆண், பெண் இருவருக்கும் ஒன்றுதான், அமெரிக்க எண்ணில்தான் ஒன்று அல்லது ஒன்றரை வித்தியாசம் வரும். அதனால் யூகே 6 கேட்டால் யூகே 6தான்.

இந்த வழி எல்லோருக்கும் அமையாது. ஆண்கள் ஷூ பெரிய பிராண்டுகளில் பெரும்பாலும் யூகே 6இல்தான் தொடங்கும். யூகே 4, 5 போடுகிற பெண்களுக்குக் கிடைப்பது சிரமம். அப்போது சிலர் பையன்கள் பிரிவில் தேடச் சொல்வார்கள். விலை குறைவுதான், ஆனால் அந்த மெத்தை முப்பது, நாற்பது கிலோ பிள்ளைகளுக்கானது. அறுபது, எழுபது கிலோ உடம்புக்கு அது தாங்காது. சின்னக் கால், அகல முன்பாதம் என்றால் பெண்கள் 'டி' அகலத்தை ஆர்டர் போட்டுக் காத்திருப்பதே சரி. ஆண்கள் ஷூவில் குதிகால் சற்று அகலமாகவும் இருக்கும். அதற்கு நாடாவில் ஒரு வழி உண்டு. மேலே கடைசியில் கூடுதலாக ஒரு துளை இருக்கும். நாடாவை அதே பக்கத்தில் மேல் துளைக்குள் விட்டு ஒரு சின்ன வளையம் உண்டாக்கி, எதிர்ப்பக்க நாடாவை அந்த வளையத்தில் நுழைத்து இழுத்துக் கட்டினால் குதிகால் அசையாது. அம்மாவுக்கு முதல் நாளே இப்படிக் கட்டிக்கொடுத்தேன், மறுநாளிலிருந்து அவரே கட்டிக்கொள்கிறார். புடவையோடு நடப்பவர்கள் முடிச்சின் காதுகளைக் குறுக்கு நாடாவுக்கு அடியில் செருகிவிடவேண்டும், இல்லாவிட்டால் கொசுவத்தின் ஃபால்ஸில் மாட்டும்.

எங்கே வாங்குவது என்பதில் என் கருத்து அனுபவத்தில் மாறியது. இரண்டாவது ஜோடி ஆன்லைனில், பண்டிகைத் தள்ளுபடியில், எழுபது சதவீதம் குறைத்து வாங்கினேன். பெயர் பெற்ற பிராண்ட்தான், பெட்டியும் புதிது. இரண்டாவது வாரம் கப்பன் பூங்கா நடுவில் அடிப்பாகம் தனியாகப் பிரிந்துவிட்டது. அம்மா கால்மணி நேரம் சாக்ஸோடு நடந்து வாசலுக்கு வந்தார். அதை இன்றும் நினைத்தால் மனம் வலிக்கிறது. பெட்டியை எடுத்துப் பார்த்தபோது தயாரித்த மாதம் நான்கு வருடத்துக்கு முந்தையது. பாலியூரித்தேன் மெத்தை காற்றிலுள்ள ஈரத்தால் வருடக்கணக்கில் உள்ளுக்குள் சிதையும், பசையும் வலுவிழக்கும். போடாமல் வைத்திருந்தாலும் ஷூ கிழடாகும். தயாரித்த மாதம், வருடம் பெட்டியில் அச்சிட்டிருக்கும். ஷூவின் நாக்குக்கு உள்ளே இருக்கும் சின்னப் பட்டையிலும் பல பிராண்டுகள் போடுகின்றன. இரண்டு வருடத்துக்கு மேல் பழையது என்றால் நான் தொடுவதில்லை.

இந்த ஒரு எச்சரிக்கையோடு மாரத்தஹள்ளி ஃபாக்டரி அவுட்லெட்களுக்குப் போகலாம். போன வருட மாடல்கள் நல்ல தள்ளுபடியில் அங்கே கிடைக்கும். பட்டையைப் பாருங்கள், இரண்டு கால் எண்ணும் ஒன்றுதானா என்று பாருங்கள், இரண்டையும் போட்டு நடங்கள். எண் வரிசை முழுதாக இருக்காது, நம் எண் இருந்தால் அதிர்ஷ்டம். வார நாளில் போவது நல்லது, சனி ஞாயிறில் அந்தச் சாலையில் போய்ச் சேர்வதற்குள் பாதி நாள் போய்விடும். கமர்ஷியல் ஸ்ட்ரீட்டில் தமிழில் பேசி வாங்கலாம், அம்மாவுக்கு அது பெரிய வசதி. ஆனால் நடைபாதையில் குவித்து 'ஃபர்ஸ்ட் காப்பி' என்று விற்பதை வாங்கவேண்டாம். மேலே முத்திரை அச்சு அசலாக இருக்கும், உள்ளே மெத்தையும் பின்சுவரும் இருக்காது. அந்த எழுநூறு ரூபாய்க்குக் கேம்பஸோ ஸ்பார்க்ஸோ எவ்வளவோ மேல்.

பிராண்டின் சொந்தக் கடையில் முழு விலை கொடுக்கவேண்டியிருக்கும், ஆனால் எல்லா எண்ணும் இருக்கும். நான் இப்போது செய்வது இதுதான்: கடைக்குப் போய்ப் போட்டுப் பார்த்து, அதே கடையில் போன வருட நிறம், போன வருட மாடல் ஏதாவது தள்ளுபடியில் இருக்கிறதா என்று கேட்கிறேன். அம்மாவின் சாம்பல் நிற ஷூ அப்படித்தான் 4,200 ரூபாய்க்கு வந்தது. புது நிறத்தில் அதுவே ஏழாயிரத்துக்கு மேல். ஒருமுறை அளவு உறுதியான பிறகு, அதே பிராண்டின் அதே மாடலின் அதே எண்ணை ஆன்லைனில் வாங்குவதில் தப்பில்லை. மாடலின் எண் மாறினால், உதாரணமாக 13ஆம் பதிப்பு போய் 14 வந்தால், மறுபடி போட்டுப் பார்க்கவேண்டும். பெயர் அதேதான், அச்சு மாறியிருக்கலாம்.

வரியும் ஒரு சின்னக் கணக்கு. 2025 செப்டம்பர் 22 முதல் 2,500 ரூபாய் வரையிலான காலணிக்கு ஜி.எஸ்.டி. 5 சதவீதம், அதற்கு மேல் 18. நடுத்தர விலையில் வாங்குகிறவர்களுக்கு இந்தக் கோட்டுக்குக் கீழே நிற்பது லாபம்.

செலவைக் காலண்டரில் குறித்துப் பார்த்தேன். அம்மா தினமும் மூன்றரை கிலோமீட்டர், மாதம் நூறு கிலோமீட்டருக்குக் குறையாது. ஓட்ட ஷூ 500 முதல் 800 கிலோமீட்டர் வரை தாங்கும் என்பது பொதுவான கணக்கு. 4,200 ரூபாய் ஷூ 700 கிலோமீட்டர் வந்தால் கிலோமீட்டருக்கு ஆறு ரூபாய். கீழ்வீட்டு அக்காவின் 1,100 ரூபாய் ஷூ மூன்று மாதத்தில், அதாவது 300 கிலோமீட்டரில் அடி வழவழப்பாகிவிடுகிறது, கிலோமீட்டருக்கு நாலு ரூபாய்க்கும் கீழே. கணக்கு மட்டும் பார்த்தால் அக்கா செய்வதே சரி. அவர் பாதத்துக்கு அது பொருந்துகிறது, நேரத்தோடு மாற்றியும்விடுகிறார். அவரிடம் போய் விலை உயர்ந்ததை வாங்குங்கள் என்று நான் சொல்லவில்லை. அம்மாவுக்கு அந்த விலையில் அகலம் கிடைத்திருந்தால் நானும் அதையே வாங்கியிருப்பேன். நாங்கள் கூடுதலாகக் கொடுக்கும் இரண்டு ரூபாய் முழுக்க முன்பாத அகலத்துக்கும் ஈரக் கல்லில் ரப்பர் பிடிப்புக்கும்தான்.

சர்க்கரையால் பாதத்தில் மதமதப்பு ஏற்கெனவே வந்துவிட்டவர்களுக்கு இந்தக் கட்டுரையின் ஒப்பீடு பொருந்தாது. "இறுக்கமா இருக்கா?" என்ற கேள்விக்கு அவர்கள் பாதம் சரியான பதில் சொல்லாது. பாதப் பரிசோதனை செய்யும் சர்க்கரை மருத்துவரிடம் போய், அவர் சொல்லும் எம்.சி.ஆர். என்ற மெத்தென்ற ரப்பர் வைத்த காலணியோ அளவெடுத்துச் செய்ததோ வாங்குங்கள். காலையில் எழுந்து முதல் அடி வைக்கும்போது குதிகாலில் ஊசி குத்துவதுபோல் வலிப்பவர்களும் ஷூவுக்கு முன் மருத்துவரைப் பார்ப்பது நல்லது.

வாங்கி வந்ததும் உடனே தெருவுக்குப் போகவேண்டாம். இரண்டு சாயங்காலம் வீட்டுக்குள், பாய் விரித்து அதன்மேல் நடந்து பாருங்கள். அடி அழுக்காகாமல் இருந்தால்தான் கடைக்காரர் மாற்றித்தருவார். நடந்து முடித்ததும் சாக்ஸைக் கழற்றி விரல் இடுக்கு, மெட்டியின் இரண்டு பக்கம், குதிகாலின் பின்புறம் மூன்றையும் வெளிச்சத்தில் பாருங்கள். சிவப்பு அரை மணி நேரத்தில் மறையாவிட்டால் திருப்பிக் கொடுத்துவிடுங்கள். நாங்கள் அப்படிப் பார்த்த பிறகுதான் மூன்றாவது ஜோடியின் விலைச்சீட்டைக் கிழித்தோம். நாக்குக்கு அடியில் பேனாவால் தேதி எழுதிவைத்திருக்கிறேன். இன்னும் ஒரு மாதத்தில் எழுநூறு கிலோமீட்டர் ஆகிவிடும். அதே மாடல், அதே எண், இந்த முறை நீல நிறம் இருக்கிறதா என்று கேட்டுவரச் சொல்லியிருக்கிறார் அம்மா.